செவ்வாய்க்கிழமைத் தாடி

லஸ் முனையைத் தாண்டுவதற்குள் மூன்று பேர் காலில் விழுந்துவிட்டார்கள். நான் நடையை நிறுத்தவில்லை. நின்றால் நான்காவது ஆள் வருவார். நெஞ்சைத் தொடும் தாடி, தோளில் புரளும் முடி, ஒட்டிய கன்னம், இடுப்பில் காவி வேட்டி. மேலே மட்டும் கேமராமேன் கொடுத்த கட்டம் போட்ட சட்டை. அந்தச் சட்டையைப் பார்த்தாவது இவன் சாமியார் இல்லை என்று தெரிந்திருக்க வேண்டும். மயிலாப்பூரில் சட்டை வரைக்கும் பார்க்கிறவர்கள் குறைவு. ஓர் அம்மாள் பையைத் தரையில் வைத்துவிட்டு இரண்டு வாழைப்பழத்தை என் கையில் திணித்தார்.

"ஸ்வாமி, இந்த வருஷமாவது அவளுக்கு ஆகணும்."

யாருக்கு, என்ன ஆகணும் என்று கேட்கவில்லை. ஆகும் என்று சொல்லிவிட்டு, பழத்தை உரித்துத் தின்றுகொண்டே நடந்தேன்.

எனக்கு வேண்டியது ஒரு சலூன். மறுநாள் காலைக்குள் அந்தத் தாடி போய்விட வேண்டும். போகாவிட்டால் கார் வந்து என்னைக் கோடம்பாக்கத்துக்கு ஏற்றிக்கொண்டு போகும். அங்கே ஒரு குடிசை செட்டில் என்னைச் செத்தவனாகப் படுக்கவைத்து, கண்ணைத் திறந்து சிரிக்கச் சொல்லுவார்கள். அந்தச் சிரிப்பைப் படம் பிடித்துவிட்டால், ஒரு மனிதர் தன் வாழ்நாளில் எடுக்க ஆசைப்பட்ட ஒரே ஒரு காட்சி பாழாகிவிடும்.

முதல் சலூன் பூட்டியிருந்தது. இரண்டாவதும் பூட்டியிருந்தது. மூன்றாவது கடையின் இழுப்புக் கதவைப் பார்த்தபோதுதான் அன்றைக்கு என்ன கிழமை என்று உறைத்தது. செவ்வாய். செவ்வாய்க்கிழமை எந்த ஊரில் சலூன் திறந்திருக்கிறது? முடி வெட்டிக்கொண்டு மாதக்கணக்காகிவிட்டதால் எனக்கு அதுவே மறந்துபோயிருந்தது.

தி.நகர் போனால் ஒன்றாவது திறந்திருக்கும் என்று தோன்றியது. அங்கே கடைக்குப் பஞ்சமில்லை. தேனாம்பேட்டை வழியாக நடந்தேன்.

என்னைக் கண்டுபிடித்தவர் ஒரு டைரக்டர். அவர் என்னைப் பார்த்தபோது நான் மயிலாப்பூரில் டெலிபோன் கேபிள் போடப் பள்ளம் தோண்டிக்கொண்டிருந்தேன். ஏழாவது வரை படித்தவன். அதற்கப்புறம் லாரியில் கிளீனர், ஹோட்டலில் மாவாட்டுகிறவன், சர்க்கஸ் கூடாரத்துக்குக் கயிறு இழுக்கிறவன் என்று பல வேலை. எதிலும் ஒரு மழைக்காலத்தைத் தாண்டி இருந்ததில்லை. யாரும் துரத்தினதில்லை, நானே போய்விடுவேன். அந்தச் சமயம் மஞ்சள் காமாலை வந்து அப்போதுதான் தேறியிருந்தேன். கண் குழிக்குள் போய், விலா எலும்பெல்லாம் தெரிந்தது. சோம்பலில் தாடியும் வளர்ந்திருந்தது. அந்த வழியாக ஆட்டோவில் போன ஒரு பெரியவர், தெருமுனை வரைக்கும் போய்விட்டு ஆட்டோவைத் திருப்பிக்கொண்டு வந்தார்.

"மேல வா. சட்டையைக் கழட்டு."

கங்காணி யாரோ என்று நினைத்துக் கழற்றினேன். என்னைச் சுற்றி ஒரு முறை வந்தார்.

"நடிக்கிறியா?"

"என்ன வேஷம்?"

"துறவி. கடைசியில சமாதி அடையறவர்."

"சோறு போடுவீங்களா?"

"போடுவேன். மீன், கறி, முட்டை கிடையாது. பீடி கிடையாது. தாடியை நீயே தொடக் கூடாது."

காமாலைக்காரனுக்கு அதெல்லாம் ஏற்கெனவே கிடையாதுதான். சரி என்றேன். என் நோயை அவர் தவம் என்று நினைத்துக்கொண்டார். பிற்பாடு சொன்னபோது, "நோய் வேற, தவம் வேறன்னு கேமராவுக்குத் தெரியாது" என்றார்.

அவர் ஆயுசு முழுக்க எடுத்தது சாமிகளின் கதை. சின்ன வயதில் விளக்குத் தூக்குகிற ஆளாகக் கோடம்பாக்கம் வந்தவர். முதல் படம், ஒரு தயாரிப்பாளரின் வேண்டுதலுக்காக எடுத்த அடியார் கதை. அது ஓடிய கொட்டகைகளில் பெண்கள் வெள்ளித்திரைக்கே சூடம் காட்டியிருக்கிறார்கள். கொட்டகைக்காரன் தீப்பிடித்துவிடுமே என்று வாளியில் தண்ணீரோடு நின்றானாம். அதோடு அவர் தலையெழுத்து முடிவாகிவிட்டது. நெசவு செய்த அடியார், பானை செய்த அடியார், ராஜ்யத்தை விட்டுவிட்டுப் போன அடியார் என்று ஒன்றன்பின் ஒன்றாக வந்தது. வேறு கதையோடு போனால் யாரும் கேட்க மாட்டார்கள். ஒரு தடவை கொலைக்கதை ஒன்றை எழுதிக்கொண்டு போயிருக்கிறார். முழுக்கக் கேட்ட தயாரிப்பாளர், "எல்லாம் சரிண்ணே, கொலைகாரனைப் பிடிக்கப் போலீஸ் வருமா, கருடன் வருமா?" என்று கேட்டாராம்.

இதைச் சொல்லும்போது அவருக்குச் சிரிப்பு வரும். வராத விஷயம் ஒன்று இருந்தது. அவர் படம் எல்லாவற்றிலும் கடைசியில் அடியார் ஜோதியில் கலப்பார். நடிகருக்குப் பின்னால் பெரிய விளக்கு, அதன்மேல் வெண்ணெய்க் காகிதம், நடுவில் சாம்பிராணிப் புகை. முதலில் நடிகரோடு எடுப்பார்கள். பிறகு அவரை நகரச் சொல்லிவிட்டு வெறும் வெளிச்சத்தை எடுப்பார்கள். ஒட்டினால் ஆள் கரைந்துவிடுவார். நகர்ந்த நடிகர் அந்நேரம் ஓரமாக உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருப்பார்.

"என் கையில எத்தனையோ சாமி போயிருக்கு. ஒண்ணுகூடச் சாகல" என்பார்.

நான் அவரிடம் சேர்வதற்கு முந்தின வருஷம் அவர் சம்சாரம் இறந்திருந்தார். வீட்டில்தான். பக்கத்தில் உட்கார்ந்து ஈரப் பஞ்சால் உதட்டை நனைத்துக்கொண்டே இருந்திருக்கிறார். அதை என்னிடம் ஒரு தடவைதான் சொன்னார். ஆரம்பத்தில் சில நாள் நான் தங்கியிருந்த அவர் தி.நகர் வீட்டு மாடியில், துவைத்த என் காவி வேட்டியைக் கொடியில் போட்டுக்கொண்டிருந்தேன்.

"அவ போனப்ப வெளிச்சம் ஒண்ணும் வரலப்பா. பக்கத்து வீட்டுல குக்கர் விசில் அடிச்சது. அவ்வளவுதான். பஞ்சு என் கையில இருக்கு, வாய் மூடல. இதைத்தான் எடுக்கணும். இத்தனை நாள் ஜனங்களுக்கு நான் பொய் காட்டிட்டேன்."

நான் வேட்டியை உதறிப் போட்டேன்.

என்னைப் பார்ப்பதற்கு முன்பே அவருக்குப் படம் கொடுக்க யாரும் இல்லாமல் போயிருந்தது. கோடம்பாக்கத்தில் ஸ்டூடியோ தளங்கள் கல்யாண மண்டபமாகிக்கொண்டிருந்தன. வீட்டுக்கு வீடு கேபிள் வந்து, டிவியில் ஞாயிற்றுக்கிழமை காலையில் பக்தித் தொடர்கள் ஓடிக்கொண்டிருந்தன. மயிலாப்பூரில் ஒரு பஜனை சபை. கடற்கரையில் குடிசை போட்டு வாழ்ந்து மறைந்த ஒரு துறவிக்கு அங்கே வருஷா வருஷம் விழா எடுக்கிறார்கள். அவர்கள்தான் துறவியின் கதையைத் தொடராக எடுக்க இவரைக் கூப்பிட்டார்கள். செலவு அவர்களுடையது, கேசட்டும் அவர்களுடையது. கடைசிப் பகுதியில் ஜோதி வேண்டாம் என்று இவர் சொன்னபோது, பேங்கில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற சபைச் செயலாளருக்கு முகம் சுண்டிப்போனது. ஆனால் அவர்கள் பாடுகிற பாட்டிலேயே, துறவி ஜுரத்தில் கிடந்தார், கஞ்சி கேட்டார், அடங்கினார் என்று இருந்தது. பாட்டை மீற முடியாமல் ஒத்துக்கொண்டார். ஒட்டுத் தாடி கூடாது, நிஜத் தாடிதான் வேண்டும் என்று ஒரு நிபந்தனை மட்டும் போட்டார். அதில் சபைக்கு ரொம்பப் பெருமை.

இதையெல்லாம் நினைத்துக்கொண்டு பாண்டி பஜார் வந்து சேர்ந்தபோது வெயில் உச்சியில் இருந்தது. பெரிய சலூன், சின்ன சலூன் எல்லாம் மூடியிருந்தன. ஒரு சந்தில் வேப்பமரத்தடியில் நாற்காலியும் மரத்தில் ஆணியடித்த கண்ணாடியும் இருந்தன. நாற்காலியில் முடிவெட்டுகிறவரே உட்கார்ந்து, எதிரில் ஒரு ரிக்‌ஷாக்காரரோடு சீட்டாடிக்கொண்டிருந்தார்.

"அண்ணே, தாடி எடுக்கணும்."

நிமிர்ந்து பார்த்தவர் சீட்டைக் கவிழ்த்து வைத்துவிட்டு எழுந்து நின்றார்.

"இன்னிக்கு செவ்வா சாமி."

"நான் சாமி இல்லண்ணே. நடிகன்."

"எல்லா சாமியும் அப்டித்தான் சொல்லும்" என்றார் ரிக்‌ஷாக்காரர்.

"ஆபத்துக்குப் பாவமில்லண்ணே. எடுத்து விடுங்க."

"செவ்வாக்கெழம கத்தி எடுக்கறதே தப்பு. அதுல சாமி தாடி வேற. ரெண்டையும் சேத்து என் தலைல போடாத நைனா. நாளைக்கு வா. ஏழு மணிக்கெல்லாம் தொறந்துடுவேன்."

கார் ஆறு மணிக்கே வந்துவிடும். கத்தரிக்கோலையாவது கொடுங்கள், நானே வெட்டிக்கொள்கிறேன் என்றேன். பெட்டியைக் காலால் பின்னால் தள்ளி வைத்துக்கொண்டார். போகும்போது ரிக்‌ஷாக்காரர் மட்டும், "சாமி, இந்த ஆட்டம் ஜெயிப்பனா, அத்த மட்டும் சொல்லிட்டுப் போ" என்றார். தோற்றுப்போவாய் என்று சொல்லிவிட்டு வந்தேன். அன்றைக்கு நான் கொடுத்த வாக்குகளில் அது ஒன்றுதான் மனதறிந்து கொடுத்தது.

பஸ் ஏறி ஊரைவிட்டே போயிருக்கலாமே என்று தோன்றலாம். சட்டைப் பையில் காசு இல்லை என்பது ஒன்று. இன்னொன்று, அந்தத் தாடியோடு எந்த ஊரில் இறங்கினாலும் நான் சாமிதான். சாமிக்குச் சோறு போடுவார்கள், கும்பிடு போடுவார்கள். வேலை கொடுக்க மாட்டார்கள். அதோடு, தாடி இருக்கிற வரைக்கும் என்னைத் தேடிப் பிடித்துக் கொண்டுவந்துவிடலாம். சபைக்காரர்களுக்குத் தெரியாத ஊர் இல்லை.

நந்தனம் பக்கம் திரும்பி நடந்தேன். விளையாட்டு மைதானத்தில் ஓடிக்கொண்டிருந்த பையன்கள், "சாமி, ரேஸுக்கு வரியா?" என்று கத்தினார்கள். போயிருந்தால் ஜெயித்திருப்பேன். அன்றைக்குக் கால் அப்படி அரித்துக்கொண்டிருந்தது. மாதக்கணக்காக ஒரே இடம். சபைக் கட்டடத்தின் பின்னறையில் படுக்கை, வேளாவேளைக்கு ரசம் சாதம். வேஷம் போட்டபின் டைரக்டர்கூட என்னைச் சாமி என்றுதான் கூப்பிடுவார். எனக்கு முன்னால் யாரும் செருப்போடு நிற்க மாட்டார்கள், டீக்கடையில் நான் நிற்கக் கூடாது. அவர் தொழிலில் அது பழக்கம். காற்றே புகாத மரியாதை அது.

கடைசிக் காட்சியை எடுத்தது போன வாரம். கோடம்பாக்கத்தில் ஒரு கொட்டகைக்குள் குடிசை செட். கோரைப்பாயில் படுத்தேன். பணிவிடை செய்யும் அம்மாவாக நடித்தவரிடம் டைரக்டர் ஈரப் பஞ்சைக் கொடுத்து, எப்படிப் பிடிக்க வேண்டும், எவ்வளவு பிழிய வேண்டும் என்று காட்டினார். என் வாயைக் கொஞ்சம் திறந்தபடி விடச் சொன்னார். பாட்டு இல்லை, புகை இல்லை. ஒரு காக்கையின் சத்தத்தைப் பிற்பாடு சேர்த்துக்கொள்ளலாம் என்றார். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு கிடந்தேன். கொட்டகையில் ஒருவரும் இருமவில்லை. "கட்" என்று அவர் சொன்ன குரல் எனக்கே சரியாகக் கேட்கவில்லை.

ஆனால் கேமரா நிற்கவில்லை. சினிமாக்காரர்களிடம் ஒரு சடங்கு உண்டு. சாவுக் காட்சியில் படுத்தவன் அப்படியே எழுந்து போகக் கூடாது. கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே கண்ணைத் திறந்து, கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும். பிறகு பூசணிக்காய் உடைப்பார்கள். இல்லாவிட்டால் அவன் ஆயுசுக்கு ஆகாது.

"சிரி நைனா, நல்லா சிரி. நூறு வருஷம் இருப்ப" என்றார் கேமராமேன்.

காமாலையில் போகாமல் தப்பியவன் நான். நன்றாகவே சிரித்தேன். பூசணிக்காய்க்காரர் கை குறுக்கே வந்தது. மூக்கு அரித்தது, சொறிந்துகொண்டேன். அதோடு கேமராவை நிறுத்தினார்கள். வெட்டி எறிய வேண்டிய துண்டு அது. எந்தப் படத்திலும் அதை யாரும் பார்த்ததில்லை.

திங்கட்கிழமை மாலை சபைக் கூடத்தில் டிவி வைத்து அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டினார்கள். எடிட் செய்வதற்கு முன் அப்படியே அவர்கள் பார்க்கட்டும் என்பது டைரக்டர் ஆசை. நான் கதவோரம் நின்றேன். கூடம் நிறைய ஜனம். பஞ்சு உதட்டில் பட்டபோது மூக்கு உறிஞ்சும் சத்தம் கேட்டது. என் தலை சாய்ந்ததும் கூடம் அழுதது. டைரக்டர் கண்ணை மூடி உட்கார்ந்திருந்தார். கேசட்டை நிறுத்த வேண்டிய கேமராமேனும் ஜனங்களைப் பார்த்துக்கொண்டே நின்றுவிட்டார்.

டிவியில் செத்த துறவி கண்ணைத் திறந்தார். கூடத்தைப் பார்த்தார். சிரித்தார்.

ஒரு மாமி, "சிரிக்கறார்! நம்மளப் பாத்துச் சிரிக்கறார்!" என்று அலறினார். ஆளாளுக்கு எழுந்தார்கள். யாரோ டிவிக்கு முன்னால் சூடம் ஏற்றினார்கள். நான் மூக்கைச் சொறிந்ததையோ, பூசணிக்காய்க் கையையோ ஒருவரும் பார்த்ததாகத் தெரியவில்லை.

கேமராமேன் பதறிப்போய்ச் செயலாளரிடம் ஓடினார். "சார், சார், அது சடங்கு சார். செத்த மாதிரி நடிச்சவன் சிரிக்கணும். இல்லாங்காட்டி அவனுக்கு ஆகாது. கட் பண்ணிடுவோம் சார்."

"உங்க சடங்கு இருக்கட்டும் ஓய்" என்றார் செயலாளர். அவர் கண்ணிலும் தண்ணீர். "அந்த நேரத்துல அவரைச் சிரிக்க வெச்சது யாரு? நீங்களா?"

டைரக்டர் எழுந்து, கதையில் அப்படி இல்லை, பாட்டிலும் இல்லை என்று மெல்லச் சொன்னார். பாட்டில் விட்டுப்போனதை ஸ்வாமியே காட்டிவிட்டார் என்றார்கள். முடிவாகிவிட்டது. தொடர் இந்தச் சிரிப்போடுதான் முடிய வேண்டும். அந்தத் துண்டில் கை குறுக்கே வருவதால், புதன்கிழமை காலையில் அதே செட்டில் சிரிப்பை மட்டும் மறுபடி எடுக்க வேண்டும். கேமரா கிட்டே போக வேண்டும், சுற்றிலும் பூ வேண்டும். டைரக்டர் ஒட்டுத் தாடியை வைத்து இன்னொரு ஆளைப் படுக்கவைக்கலாமா என்று கேட்டுப் பார்த்தார், நேரத்தைக் கடத்தத்தான்.

"ஒட்டுத் தாடியா? ஸ்வாமிக்கா? என்ன சார் பேசிண்டிருக்கேள்?" என்றார் செயலாளர்.

என்னையும் விடவில்லை. ஷூட்டிங் முடிந்தாலும் நான் அங்கேயே தங்க வேண்டும், விழாவில் ரதத்தில் உட்கார வேண்டும் என்றார்கள். சாகும் வரைக்கும் ரசம் சாதம்.

செவ்வாய்க்கிழமை காலையில் டைரக்டர் என் அறைக்கு வந்தார். உட்காரவில்லை.

"நாளைக்கு ஆறு மணிக்கு வண்டி வரும். தாடியைக் கழுவிச் சீவி வெச்சுக்கோ."

"சரிங்கய்யா."

"அடுத்த மாசமே டிவியில போடறாங்க. தேதி மாத்த முடியாதாம்."

"சரிங்கய்யா."

போகத் திரும்பியவர் வாசற்படியில் நின்றார். என் முகத்தைப் பார்க்காமல், தெருவைப் பார்த்துக்கொண்டு கேட்டார்.

"மழிச்சா, மறுபடி இந்த அளவுக்கு வளர எவ்வளவு நாளாகும்?"

"ஒரு வருஷமாவது ஆகுங்கய்யா."

"ம்" என்றார். செருப்பை மாட்டிக்கொண்டு போய்விட்டார்.

அவருக்காகத்தான் கிளம்பினேன் என்று முழுக்கச் சொல்ல மாட்டேன். அந்த ரதத்தை நினைத்தாலே எனக்கு மூச்சு முட்டியது. ஆனால் அந்த "ம்" இல்லாமல் போயிருந்தால், புதன்கிழமை வேலையை முடித்துக் கொடுத்துவிட்டுத்தான் போயிருப்பேன்.

சேமியர்ஸ் ரோடு வழியாக வந்து அடையாற்றுப் பாலத்தைக் கடந்தபோது வெயில் தாழ்ந்திருந்தது. ஒரு பெட்டிக்கடையில் மிச்சமிருந்த ஒற்றை வாழைப்பழத்தைக் கொடுத்து பிளேடு கேட்டேன். கடைக்காரர் பழத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு பிளேடைச் சும்மா கொடுத்தார். எதற்கு என்று கேட்கவில்லை. வெறும் பிளேடால் அவ்வளவு நீளத் தாடியை ஒன்றும் செய்ய முடியாது. கத்தரிக்கோல் வேண்டும். கத்தரிக்கோலும், சாமிக்குப் பயப்படாத ஆளும் வேண்டும். அப்போதுதான் ஊரூர் குப்பம் நினைவுக்கு வந்தது.

பெசன்ட் நகர்க் கடற்கரையில் துறவியின் குடிசைக் காட்சிகளை எடுத்தபோது குப்பத்து ஜனம் தினமும் வந்து வேடிக்கை பார்த்தது. என்னை மேக்கப் இல்லாமலும் பார்த்தவர்கள். படகோரம் ஒருவர் வலை பின்னிக்கொண்டிருந்தார். பக்கத்தில் அவர் மனைவி காலியான மீன் கூடையைக் கவிழ்த்து அதன்மேல் உட்கார்ந்திருந்தார். தூரத்திலேயே என்னைப் பார்த்துவிட்டார்.

"ஏய், ஷூட்டிங் சாமி வருது பாரு! இன்னா சாமி, எங்க வந்துகினு கீற? மீன் நாத்தம் ஆவாதுன்னு அன்னிக்கு என்னத் தொரத்துனாங்களே உன் ஆளுங்க?"

"நான் தொரத்தலக்கா."

"நீ பாத்துக்கினு குந்தினு இருந்த. கண்ண மூடிக்கினு, தவம் பண்றாப்ல."

அது உண்மைதான். தாடியை எடுக்க வேண்டும், கத்தரிக்கோல் வேண்டும் என்றேன்.

வலைக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "எவன் வூட்லயாவது கை வெச்சுட்டியா?"

"இல்லண்ணே. மறுபடி நடிக்கக் கூப்பிடறாங்க. போக முடியாது."

"அதுக்கு ஊர்ல சலூனே இல்லியா?" என்றவர், அவரே, "அட, செவ்வா இல்ல இன்னிக்கு" என்றார்.

"செவ்வான்னா எங்களுக்கும்தான் லீவு" என்றார் அந்த அக்கா. "ஒருத்தனும் மீன் வாங்க மாட்டான். சும்மாதான் குந்தினு கீறோம். யோவ், வெட்டி வுடு அவன. சாமி ஆளா மாறட்டும்."

வலை நூல் வெட்டுகிற கத்தரிக்கோல். அதில் உப்பும் துருவும் ஏறியிருந்தது. கொத்துக் கொத்தாக இழுத்து வெட்டினார். பெரிய தாடி காற்றில் மணல்மேல் உருண்டு போனது. ஒரு நாய் அதைத் துரத்திக்கொண்டு ஓடியது. பிறகு கடல் தண்ணீரைத் தொட்டுத் தொட்டு பிளேடால் வழித்தார். தலைமுடியையும் விடவில்லை. கன்னம், தாடை, கழுத்து எல்லாம் கீறல். எரிச்சலில் கண்ணில் தண்ணீர் வந்தது.

"இன்னா சாமி அழுவுற?"

"சாமின்னு சொல்லாதக்கா."

"பின்ன இன்னா சொல்றது? வேல எதுனா கீதா உனக்கு?"

"இல்ல."

"நாளைக்குப் புதன். செவ்வா துன்னாதவன்லாம் சேத்து வாங்குவான். கூட தூக்க எனக்கு ஆள் பத்தாது. விடியறப்ப கரையில நில்லு."

மாதக்கணக்கில் பார்க்காத மீன் குழம்பும், காவிக்குப் பதில் கட்டிக்கொள்ள ஒரு பழைய லுங்கியும் அன்று ராத்திரி கிடைத்தன. கவிழ்த்த படகு ஒன்றின் ஓரத்தில் படுத்துத் தூங்கினேன்.

விடியலில் படகுகள் கரை தட்டின. வலையிலிருந்து கூடைக்கு, கூடையிலிருந்து என் தலைக்கு, மணலைத் தாண்டி ரோட்டில் நின்ற மூன்று சக்கர மீன்பாடி வண்டிக்கு. கூடையின் அடியிலிருந்து மீன் தண்ணீர் கன்னத்தில் வழியும்போதெல்லாம் கீறல்கள் தீயாக எரிந்தன. எத்தனையாவது நடை என்று நினைவில்லை, ரோட்டோரம் வெள்ளை அம்பாசிடர் வந்து நின்றது. முன் சீட்டிலிருந்து சபைச் செயலாளர் இறங்கினார். கைக்குட்டையை மூக்கில் வைத்துக்கொண்டு அக்காவிடம் போனார்.

"ஏம்மா, தாடி வெச்சுண்டு ஒருத்தர், ஸ்வாமி வேஷம் கட்டினவர், இந்தப் பக்கம் வந்தாரா? யாரோ பாத்ததாச் சொன்னா."

"தாடியா? இங்க எறாவுக்குத்தான் மீச கீது சார். தாடி வெச்சது எதுவும் வலையில வுழல."

செயலாளர் படகுகளைப் பார்க்க நாலடி மணலில் இறங்கினார், மீன் செதிளைக் கண்டதும் நின்றுவிட்டார். நான் கூடையோடு காரைத் தாண்டித்தான் வண்டிக்குப் போக வேண்டும். தாண்டினேன்.

பின் சீட்டில் டைரக்டர். கண்ணாடி இறக்கியிருந்தது. வெயில் படாத என் தாடை வெளுத்து, நெற்றி கறுத்து, முகம் இரண்டு நிறமாக இருந்திருக்கும். அவர் கண் அந்தக் கோட்டில் வந்து நின்றது. பிறகு கீறல்களில் ஒவ்வொன்றாக நகர்ந்தது.

"புது ஆளா?" என்றார் மெதுவாக.

"ஆமாங்கய்யா. இன்னைக்குத்தான் சேர்ந்தேன்."

செயலாளர் திரும்பி வந்துகொண்டிருந்தார். "இங்கே இல்லையாம் சார். என்ன பண்றது? லைட்டுக்காராள்லாம் வந்து காத்துண்டிருப்பா."

"செட்டைக் கலைச்சிடச் சொல்லிடலாம்" என்றார் டைரக்டர். "தலை சாயறது வரைக்கும் எடுத்தது இருக்கு. அது போதும்." என் பக்கம் பார்க்காமல், "நீ வேலையைப் பாருப்பா" என்றார்.

கார் திரும்பிப் போனது. கூடையை மீன்பாடி வண்டியில் இறக்கி வைத்தேன். கரையிலிருந்து அக்கா கத்தினார்.

"இன்னா காரப் பாத்துக்கினு நிக்கிற? மத்தி வந்து கொட்டிக்கினு கீது, ஓடியா!"

காலிக் கூடையை எடுத்துக்கொண்டு மணலில் இறங்கினேன்.